மூன்று வருஷம் எட்டு மாதம் வேலைக்கே போகவில்லை, பென்ஷன் வருமா?

திண்டுக்கல் பக்கத்திலிருந்து ஒரு சகோதரி நான்கு பக்கத்துக்கு எழுதியிருக்கிறார். ஊர், துறை, பெயர் எதுவும் வேண்டாம், விஷயத்தை மட்டும் சுருக்கிச் சொல்கிறேன். கணவர் மாநில அரசு ஊழியர், 1998 ஆகஸ்ட் 1-ல் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தவர், இப்போது உதவியாளர். 2013 மார்ச்சில் மனச்சோர்வு, கூடவே குடி. இரண்டு மாதம் மருத்துவ விடுப்புக்கு ஒரு கடிதம் எழுதிப் போட்டுவிட்டு அதன்பின் அலுவலகம் பக்கமே போகவில்லை. நடுவில் ஒரு வருஷம் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் கணக்கு எழுதினார். மாவட்ட அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் வைத்தியம் பார்த்து, தேறி, 2016 நவம்பர் 1-ல் மறுபடி பணியில் சேர்ந்தார். சேர்ந்த கையோடு 17(பி) மெமோ, அதாவது பெரிய தண்டனை வரை போகக்கூடிய துறை நடவடிக்கைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது. விசாரணையும் முடிந்து ‘குற்றச்சாட்டு நிரூபணம்’ என்று அறிக்கை போய்விட்டது, அதோடு கோப்பு தூங்குகிறது. 2027 ஜூன் 30-ல் அவர் ஓய்வு பெற வேண்டும். பென்ஷன் போய்விடுமா, விருப்ப ஓய்வில் வந்துவிடலாமா, ராஜினாமா கொடுத்தால் ‘பிரச்சினை முடிஞ்சு பணம் வந்துடும்’ என்று அலுவலகத்தில் ஒருவர் சொல்கிறாரே அது சரியா, நாளைக்கு அவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் எனக்குக் குடும்ப ஓய்வூதியம் உண்டா என்பவைதான் சகோதரியின் கேள்விகள்.

சகோதரி, கடைசியில் சொல்ல வேண்டியதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அந்த நபர் இந்நேரம் வெள்ளைத் தாளில் ராஜினாமாக் கடிதம் எழுதியே கொடுத்திருக்கக்கூடும். ராஜினாமா வேண்டவே வேண்டாம். விருப்ப ஓய்வு வேறு, ராஜினாமா வேறு. ஓய்வூதிய விதிகளின்படி ராஜினாமா செய்தால் அதுவரை பார்த்த பணி மொத்தமும் பறிபோகும், வேறு அரசுப் பணிக்கு முறையான அனுமதியோடு போவதற்காகச் செய்யும் ராஜினாமா மட்டும்தான் விலக்கு. டெல்லி மின்வாரியத்தில் சுமார் இருபது வருஷம் வேலை பார்த்துவிட்டு 1990-ல் ராஜினாமா செய்த ஒருவர், அதை விருப்ப ஓய்வாகக் கருதிப் பென்ஷன் தாருங்கள் என்று உச்ச நீதிமன்றம் வரைக்கும் போனார். 2019 டிசம்பரில் தீர்ப்பு வந்தது: ராஜினாமா என்றால் ராஜினாமாதான், பென்ஷன் கிடையாது. உங்கள் வீட்டுக்காரர் அந்தக் கடிதத்தைக் கொடுத்தால் அலுவலகத்துக்குத்தான் நிம்மதி, ஒரு கோப்பு குறையும்.

விருப்ப ஓய்வுக்கு அவருக்குத் தகுதி இருக்கிறது. 50 வயது தாண்டிவிட்டார், 20 ஆண்டுப் பணியும் இருக்கிறது, மூன்று மாத நோட்டீஸ் கொடுத்தால் போதும் என்றுதான் அடிப்படை விதி 56(3) சொல்லும். ஆனால் 17(பி) நிலுவையில் இருக்கும்போது அந்த நோட்டீஸை ஏற்க மாட்டார்கள், மறுக்க அவர்களுக்கு அதிகாரமும் உண்டு. மறுத்து ஒரு கடிதம் வரும், நீங்கள் மூன்று மாதத்தை வீணாக்கியிருப்பீர்கள், அவ்வளவுதான்.

இப்போது பென்ஷனுக்கு வருகிறேன். இந்த மாதிரி வழக்கோடு என்னிடம் வருகிற எல்லோருமே ‘இத்தனை நாள் ஆப்சென்ட்’ என்று நாட்களைத்தான் எண்ணிச் சொல்கிறார்கள். நான் கேட்பது ஒன்றே ஒன்றுதான்: அந்த நாட்களை என்னவென்று முடித்து ஆணை போட்டிருக்கிறார்கள்? வேலைக்குப் போகாத காலம் தானாகப் பென்ஷனைத் தின்பதில்லை. அந்தக் காலத்தை எப்படிக் கணக்கு வைத்தார்கள் என்ற ஒரு வரி ஆணைதான் தின்னும், அல்லது காப்பாற்றும். உங்கள் வீட்டுக்காரர் விஷயத்தில் அந்த வரி இன்னும் எழுதப்படவில்லை. ஒன்பது வருஷமாகக் கோப்பு தூங்குகிறதே என்று நீங்கள் அழுதிருக்கிறீர்கள், நானோ நல்லவேளை என்று நினைத்தேன்.

அந்த ஒரு வரி என்ன செய்யும் என்று கணக்குப் போட்டே பார்த்துவிடலாம். ஓய்வு பெறும்போது அடிப்படைச் சம்பளம் 60,000 என்று வைத்துக்கொள்வோம் (உண்மைத் தொகை சற்றுக் கூடும், குறையும், விகிதம் மாறாது). தமிழ்நாட்டில் 2003 ஏப்ரல் 1-க்கு முன் சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியம், 30 வருஷம் தகுதியான பணிக்காலம் இருந்தால் கடைசிச் சம்பளத்தில் பாதி. அரையாண்டு அரையாண்டாக எண்ணுவார்கள், 60 அரையாண்டு என்றால் முழுப் பென்ஷன், மிச்சமாக நிற்பது மூன்று மாதமோ அதற்கு மேலோ என்றால் அதுவும் ஓர் அரையாண்டு. 1998 ஆகஸ்ட் முதல் 2027 ஜூன் வரை 28 வருஷம் 11 மாதம், அதாவது 58 அரையாண்டு.

விட்டுப்போன மூன்று வருஷம் எட்டு மாதத்தையும் மருத்துவச் சான்றின் பேரிலான விடுப்பு என்று முறைப்படுத்தினால் 58 அரையாண்டும் நிற்கும், பென்ஷன் 29,000. சம்பளம் இல்லாத விடுப்பாகவே இருந்தாலும் மருத்துவச் சான்று இருந்தால் பென்ஷனுக்கு அது சேரும், இது பலருக்குத் தெரிவதில்லை. மருத்துவச் சான்று இல்லாத ஊதியமில்லா விடுப்பு என்றோ, ‘டயஸ்-நான்’ (பணியாகக் கணக்கிடாத நாள்) என்றோ எழுதினால் அந்தக் காலம் மட்டும் கழியும், முன்னால் பார்த்த பணி அப்படியே நிற்கும். 25 வருஷம் 3 மாதம், 51 அரையாண்டு, பென்ஷன் 25,500. மாதம் 3,500-உம் அதற்கான அகவிலைப்படியும் நஷ்டம், வலிக்கும், ஆனால் குடும்பம் நடக்கும். மூன்றாவதாக ‘பணி முறிவு’ என்று எழுதி, அதை மன்னிக்காமலும் விட்டால் 2013-க்கு முந்தைய 14 வருஷம் 7 மாதம் மொத்தமாகப் போய்விடும். மிஞ்சுவது திரும்பச் சேர்ந்த பிறகு பார்த்த 10 வருஷம் 8 மாதம், 21 அரையாண்டு, பென்ஷன் 10,500. குறைந்தபட்சம் 10 வருஷம் இருந்தால்தான் பென்ஷனே உண்டு என்பதை இதோடு சேர்த்துப் பாருங்கள். அவர் இன்னும் ஒரு வருஷம் தாமதித்துத் திரும்பியிருந்தால் இந்த மூன்றாவது வழியில் மாதப் பென்ஷன் என்பதே இருந்திருக்காது.

மனிதர் ஒருவர்தான், வராத நாட்களும் அதேதான். 29,000, 25,500, 10,500 என்று மூன்று தொகை வருவது கோப்பின் கடைசிப் பத்தியில் என்ன எழுதுகிறார்கள் என்பதைப் பொறுத்து.

இதில் அலுவலகங்கள் செய்யும் ஒரு கூத்து உண்டு. தண்டனை ஆணையைப் போடுவார்கள், ‘இரண்டு ஆண்டுகளுக்கு ஊதிய உயர்வு நிறுத்தம்’ என்று ஒரு வரியில். வராத காலத்தை என்ன செய்வது என்பதை எழுத மறந்துவிடுவார்கள். ஊழியரும் தண்டனை சின்னதாக முடிந்ததே என்று சந்தோஷமாக வீட்டுக்குப் போய்விடுவார். சில வருஷம் முன்பு என்னிடம் வந்த ஒருவருடைய பணிப் பதிவேட்டில், ஒரு வருஷம் நான்கு மாதத்துக்கு எதிரே பென்சிலால் ‘ஆப்சென்ட்’ என்று மட்டும் எழுதியிருந்தது. பென்சிலால்! எந்த ஆணையின் எண்ணும் இல்லை, தேதியும் இல்லை, அடியில் கையெழுத்தும் இல்லை, அடுத்த பக்கத்தில் ஆண்டு ஊதிய உயர்வு ஒன்றுமே நடக்காத மாதிரி தொடர்ந்துகொண்டிருந்தது. அவர் ஓய்வு பெற்றபின் பென்ஷன் கருத்துரு தேனாம்பேட்டை மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போய், இந்தக் காலத்துக்கு ஆணை எங்கே என்று மூன்று முறை திரும்பி வந்தது. எழுதிய அலுவலர் ஓய்வு பெற்றுப் போய்விட்டார், கோப்பு அலுவலகம் மாறியபோது தொலைந்துவிட்டது. அதை முறைப்படுத்தி வாங்க எங்களுக்கு இரண்டு வருஷத்துக்கு மேல் ஆயிற்று, அதுவரை அந்த மனிதர் மகன் வீட்டில் காப்பிக்குக்கூடக் கேட்டு வாங்கிக் குடித்தார். அதனால் உங்களவர் பதிவேட்டை இப்போதே ஒரு முறை நேரில் பார்க்கச் சொல்லுங்கள். பார்க்க அவருக்கு உரிமை இருக்கிறது, 2013 முதல் 2016 வரையிலான பக்கங்களுக்கு நகலும் கேட்டு வாங்கலாம்.

சரி, ‘நிரூபணம்’ என்று அறிக்கை போய்விட்டதே, இனி என்ன செய்ய முடியும் என்கிறீர்கள். செய்ய வேண்டியது நிறைய இருக்கிறது, இப்போதுதான் முக்கியமான கட்டம். விசாரணை அறிக்கையின் நகலை அவருக்குக் கொடுத்து, அதன் மேல் அவர் சொல்லும் விளக்கத்தை வாங்கிய பிறகுதான் இறுதி ஆணை போட முடியும். 1993-லேயே உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்ட விஷயம் இது. உங்கள் கடிதத்தில் அறிக்கை நகல் வந்ததாகவே தெரியவில்லை, ‘போயிடுச்சுன்னு சொன்னாங்க’ என்று மட்டும் எழுதியிருக்கிறீர்கள். வரவில்லை என்றால் கேட்டு எழுத வேண்டும்.

நகல் வந்ததும் அதில் ஒரு வார்த்தையைத் தேட வேண்டும்: ‘வேண்டுமென்றே’. உளவுத் துறை ஊழியர் ஒருவர் வழக்கில் 2012 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது, வேலைக்கு வராமல் இருந்ததாலேயே அது ஒழுங்கீனம் ஆகிவிடாது, வேண்டுமென்றே வராமல் இருந்தார் என்று விசாரணையில் நிரூபிக்க வேண்டும், நோய், விபத்து, மருத்துவமனைவாசம் போல மனிதன் கையை மீறிய காரணம் இருக்கலாம் அல்லவா என்று. பல விசாரணை அறிக்கைகளில் இந்த இடம் வெறுமையாக இருக்கும். வருகைப் பதிவேட்டை எடுத்து வைத்து, வரவில்லை, ஆகவே நிரூபணம் என்று முடித்திருப்பார்கள். உங்கள் வீட்டுக்காரரின் அறிக்கையும் அப்படி இருந்தால், மனநலப் பிரிவின் புறநோயாளிச் சீட்டுகளை வைத்து இதைப் பலமாக எழுதலாம்.

ஆனால் இந்தத் தீர்ப்பை மந்திரக்கோல் மாதிரி நினைத்துவிடாதீர்கள். நம்ம ஊர் வழக்கே இருக்கிறது. சென்னைக் குடிநீர் வாரியத்தில் பொறியாளர் ஒருவர் ஒன்றரை வருஷத்துக்கு மேல் வராமல் இருந்து டிஸ்மிஸ் ஆனார். தண்டனை அதிகம் என்று உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, 2014-ல் உச்ச நீதிமன்றம் டிஸ்மிஸ்தான் சரி என்று திருப்பிவிட்டது. என்ன வித்தியாசம்? நிர்வாகம் கடிதத்துக்கு மேல் கடிதம் போட்டும் அவரிடமிருந்து ஒழுங்கான பதில் இல்லை. அலுவலகம் கூப்பிட்டபோது வாயைத் திறந்தாரா இல்லையா என்பதுதான் நீதிமன்றத்துக்குப் பெரிய விஷயம். உங்கள் வீட்டுக்காரர் கோப்பிலும் திரும்பிப்போன தபால் உறைகள் ஒட்டியிருக்கும், ‘கதவு பூட்டியிருந்தது’ என்று தபால்காரர் எழுதியதோடு. அதற்கெல்லாம் பதில் தயாராக இருக்க வேண்டும். அந்தத் தேதிகளில் மருத்துவமனையில் இருந்தாரா, மாமனார் வீட்டில் இருந்தாரா, யார் தபாலை வாங்கினார்கள் என்று தேதிவாரியாக ஒரு தாளில் நீங்களே எழுதி வையுங்கள், அவருக்கு அந்த நாட்கள் பாதி நினைவில் இருக்காது.

திருப்பூர் விஷயத்தை நீங்கள் கடிதத்தின் ஓரத்தில் சின்னதாக எழுதியிருக்கிறீர்கள், எனக்கு அதுதான் பெரிதாகத் தெரிந்தது. அந்தக் கம்பெனியில் பி.எஃப். பிடித்தார்களா? பிடித்திருந்தால் அவர் பெயரில் ஒரு யுஏஎன் (பி.எஃப். கணக்குக்கான பொது எண்) இருக்கும், ஒவ்வொரு மாதமும் பதிவாகியிருக்கும். அரசு ஊழியர் அனுமதியில்லாமல் தனியாரிடம் வேலை பார்ப்பது நடத்தை விதிகளின்படி தனிக் குற்றம். மெமோவில் அது இல்லை என்றால் நாமாகப் போய்ச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் விளக்கத்தில் ‘மூன்று வருஷம் எட்டு மாதமும் படுத்த படுக்கையாக இருந்தேன்’ என்று மட்டும் எழுதிவிடாதீர்கள், அந்த ஒரு வருஷத்துக்குப் பழைய தேதி போட்டு மருத்துவச் சான்று வாங்கித் தருகிறேன் என்று யாராவது வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள். இப்போது இருப்பது வராத குற்றம், அதற்கு அனுதாபம் உண்டு. பொய்ச் சான்று கொடுத்தால் அது மோசடி, அதற்கு எந்த மேஜையிலும் அனுதாபம் கிடையாது. உண்மையில் வைத்தியம் நடந்த மாதங்களுக்கு மட்டும் மருத்துவ விடுப்பு கேளுங்கள், 2013-ல் கணக்கில் எவ்வளவு ஈட்டிய விடுப்பு இருந்தது என்று பார்த்து அதையும் இந்தக் காலத்தில் கழிக்கச் சொல்லுங்கள், மிச்சத்தை ஊதியமில்லா விடுப்பாக முறைப்படுத்தச் சொல்லுங்கள். எல்லாவற்றையும் கேட்டு எதுவும் கிடைக்காமல் போவதைவிட இது தேறும். 29,000-க்கும் 25,500-க்கும் நடுவில் எங்காவது வந்து நிற்கும் என்பது என் கணிப்பு.

மோசமாகப் போனால்? கட்டாய ஓய்வு கொடுத்தால் பென்ஷன் உண்டு, முழுத் தொகையில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமல் தர வேண்டும். பணி நீக்கமோ பணியறவோ (டிஸ்மிஸ்) கொடுத்தால்தான் பழைய பணி மொத்தமும் போய்விடும், பென்ஷனும் இல்லை, பணிக்கொடையும் இல்லை. அப்போதும் ஒரு சின்னக் கதவு இருக்கிறது, கருணை ஓய்வூதியம் என்று, அதிகபட்சம் மூன்றில் இரண்டு பங்கு வரை கொடுக்கலாம், கொடுத்தே ஆக வேண்டும் என்பதில்லை. டெல்லி போலீசில் 24 வருஷம் பணி செய்து 320 நாள் வராததற்காக டிஸ்மிஸ் ஆன ஒருவர் இதைக் கேட்டபோது துறை மறுத்தது. 2014-ல் உச்ச நீதிமன்றம், அவர் செய்தது நேர்மைக்கேடா, சுயலாபத்துக்காகவா, அடுத்தவருக்குக் கெடுதல் செய்யும் எண்ணத்திலா என்று பார்க்க வேண்டும், வராமல் இருந்தது அந்த ரகத்தில் வராது என்கிற போக்கில் சொல்லி மறுபரிசீலனைக்கு அனுப்பியது. பொய்ச் சான்று வேண்டாம் என்று நான் மேலே கத்தியதற்கு இன்னொரு காரணம் இதுதான், இந்தக் கடைசிக் கதவும் அதோடு சாத்திவிடும். ஆனால் திரும்பிச் சேர்ந்து பத்து வருஷமாக ஒழுங்காக வேலை பார்க்கிறவரை இப்போது டிஸ்மிஸ் செய்வது சுலபமில்லை, அந்தப் பத்து வருஷமே அவருக்கு நல்ல சாட்சி.

‘அஞ்சு வருஷம் வரலைன்னா தானா வேலை போயிடும்’ என்று யாரோ பயமுறுத்தியதாக எழுதியிருந்தீர்கள். இவர் ஐந்து வருஷத்தைத் தொடவே இல்லை. தொட்டிருந்தாலும் கேட்காமல் கொள்ளாமல் தானாகப் போகாது, பீகார் கல்வித்துறை அதிகாரி ஒருவரின் இதே மாதிரி வழக்கில் 1971-லேயே தீர்ப்பாகிவிட்டது. பென்ஷன் என்பது அரசு மனமிரங்கிப் போடும் பிச்சை அல்ல, ஊழியரின் உரிமை என்று எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்களே, அந்தத் தீர்ப்பும் இதுவேதான்.

அடுத்தது, 2027 ஜூன் 30 வரை கோப்பு அசையாமலே கிடந்தால் என்ன ஆகும்? ஓய்வு பெற அனுமதித்துவிட்டு நடவடிக்கையை ஓய்வூதிய விதி 9-ன் கீழ் தொடர்வார்கள். கைக்கு வருவது தற்காலிகப் பென்ஷன் மட்டும், பணிக்கொடை நிற்கும், பென்ஷனில் மூன்றில் ஒரு பங்கை மொத்தமாக வாங்கும் கம்யூட்டேஷனும் நிற்கும். அவருடைய பொது வருங்கால வைப்பு நிதி அவர் சொந்தப் பணம், அதை நிறுத்தி வைக்க முடியாது. ஆனால் அந்த நிலைமைக்குப் போக விடக்கூடாது, ஏனென்றால் ஓய்வுக்குப் பிறகு உங்கள் கோப்பைப் பற்றி அந்த அலுவலகத்தில் ஒருவருக்கும் அவசரம் இருக்காது. துறை விசாரணைகளை ஆறு மாதத்தில், தவிர்க்க முடியாவிட்டால் ஒரு வருஷத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2015 டிசம்பரில் சொல்லியிருக்கிறது. அதைக் காட்டி முதலில் மனு, ஒரு மாதம் பார்த்துவிட்டு உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட். இத்தனை வாரத்துக்குள் இறுதி ஆணை போடு என்று உத்தரவு வாங்குவது இம்மாதிரி வழக்கில் கடினமான காரியம் இல்லை.

குடும்ப ஓய்வூதியம் பற்றிக் கேட்கத் தயங்கித் தயங்கிக் கேட்டிருக்கிறீர்கள், அதில் தயங்க ஒன்றுமில்லை. இறுதி ஆணைக்கு முன் அவருக்கு ஏதாவது நேர்ந்தால் துறை நடவடிக்கை அத்தோடு முடிந்துவிடும், இறந்தவர் மேல் அதைத் தொடர முடியாது. உங்களுக்குக் குடும்ப ஓய்வூதியமும் பணிக்கொடையும் உண்டு. கட்டாய ஓய்வு பெற்றவரின் மனைவிக்கும் உண்டு. டிஸ்மிஸ் ஆனவர் குடும்பத்துக்குத்தான் இல்லை. பதிவேட்டில் வாரிசு நியமனப் பக்கத்தில் உங்கள் பெயர் இருக்கிறதா, திருமணத்துக்கு முன்பு போட்ட மாமியார் பெயரே இன்னும் கிடக்கிறதா என்று அதே நாளில் பார்த்துவிடச் சொல்லுங்கள்.

இந்த வாரம் அவர் செய்ய வேண்டியது இரண்டு கடிதம். ஒன்று, விசாரணை அறிக்கையின் நகல் கேட்டு. இன்னொன்று, 1-3-2013 முதல் 31-10-2016 வரையிலான காலத்தை விடுப்பாக முறைப்படுத்தக் கோரி, மருத்துவச் சீட்டுகளின் நகலோடு. நேரில் கொடுத்தால் தபால் பிரிவில் முத்திரை வைத்து ஒரு நகல் வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள், கொடுக்க மாட்டேன் என்றால் ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்ட். அசல் சீட்டுகளை யாரிடமும் கொடுக்க வேண்டாம், ‘சார் பார்த்துட்டுத் தர்றார்’ என்று கேட்டாலும் கூட. அறிக்கை கைக்கு வந்ததும் அதை எனக்கு அனுப்புங்கள், விளக்கம் எழுத வழக்கமாகப் பதினைந்து நாள்தான் கொடுப்பார்கள், அதனால் வந்த அன்றைக்கே.